மணியோசையும் மனித மாண்பும்

காலம் யாருக்கு உரியது? இவ்வினா தத்துவ நூல்களில் மட்டும் எழுவதன்று. விடியுமுன் எழுந்து வேலைக்குச் சென்ற தொழிலாளர் உள்ளங்களிலும் எழுந்ததாகும்.

நம் முன்னோர் ஒரு நாளை அறுபது நாழிகைகளாகப் பகுத்தனர். வைகறை முதல் யாமம் வரை ஆறு சிறுபொழுதுகளையும் வகுத்தனர். வள்ளுவர் 'காலமறிதல்' என ஓர் அதிகாரமே வைத்தார். அங்கெல்லாம் மனிதன் காலத்தை அறிந்து செயலாற்றுகிறான். தோட்டங்களிலோ காலம் மனிதனை அளந்தது.

கோலசிலாங்கூர் வட்டாரத்து இரப்பர்த் தோட்டமொன்றில் பிறந்தவன் நான். இருள் பிரியுமுன் பெரட்டு மணி ஒலிக்கும். பெயர் கூப்பிடும்போது களத்தில் இல்லாதவருக்கு அன்று வேலையில்லை, கூலியும் இல்லை. கைக்குழந்தையை ஆயக்கொட்டகையில் விட்டுவிட்டு என் தாய் அந்த மணியோசைக்கு ஓடுவார். குளிர்ந்த காலையிலேதான் இரப்பர்ப் பால் நன்கு வடியும்; வெயில் ஏற ஏற வடிதல் குறையும். ஆகவே வைகறையில் எழுதல் மரத்தின் இயல்பு இட்ட கட்டளை. அதை யாரும் குறை கூறார். ஆனால், வேலை எப்பொழுது முடியும், எப்பொழுது உண்ணலாம், எப்பொழுது ஓயலாம் என்பவை மரம் இட்ட கட்டளைகள் அல்ல. மனிதர் மனிதர்க்கு இட்டவை.

அடக்குமுறையை வீழ்த்த விரும்புவோர், முதலில் அதன் காலத்தையே குலைத்தல் வேண்டும் எனக் கருதுவோர் உளர். 1830ஆம் ஆண்டுப் புரட்சியின்போது பாரிசு நகரத்தில், ஒருவரோடொருவர் கலந்து பேசாமலே பல இடங்களில் மக்கள் கோபுரக் கடிகாரங்களைச் சுட்டனர் என்ற செய்தியைச் செருமானியச் சிந்தனையாளர் வால்டர் பெஞ்சமின் குறித்துள்ளார். கேட்பதற்கு எழுச்சி தரும் செய்திதான். எனினும், கடிகாரத்தை உடைத்தால் அடிமைத்தனம் உடைந்துவிடுமா?

நம் மண்ணின் வரலாற்றைக் காண்போம். 1941ஆம் ஆண்டில் கிள்ளான் வட்டாரத் தோட்டத் தொழிலாளர் வேலை நிறுத்தம் செய்தனர். ஆர். எச். நாதன் அவர்களுக்கு வழிகாட்டினார். சீனத் தொழிலாளர்க்கு இணையான கூலி, பிள்ளைகளுக்குக் கல்வி, கள்ளுக்கடை மூடல் ஆகியவற்றோடு வேறு இரண்டு கோரிக்கைகளும் இருந்தன. ஒன்று, 10 முதல் 12 மணி நேர வேலைநாள் ஒழிய வேண்டும் என்பது. மற்றொன்று, துரைமார், கிராணிமார் எதிரில் மிதிவண்டியிலிருந்து இறங்காமல் செல்லும் உரிமை. இறங்கி ஒதுங்கி நிற்கும் அந்தச் சிறு பொழுதும் தொழிலாளியிடமிருந்து பறிக்கப்பட்ட காலமே அன்றோ! மே மாதத்தில் நாதன் கைது செய்யப்பட்டார். போராட்டம் சிலாங்கூரின் பிற தோட்டங்களுக்கும் பரவியது. மே 16ஆம் நாள் சிலாங்கூரில் அவசரநிலை அறிவிக்கப்பட்டது, படை வந்தது, தொழிலாளர் ஐவர் சுட்டுக் கொல்லப்பட்டனர். நாதன் இந்தியாவுக்கு நாடு கடத்தப்பட்டார்.

அத்தொழிலாளர் கடிகாரத்தை உடைக்க எழுந்தவர் அல்லர். தங்கள் வாழ்நாளின் அளவைக் குறித்துத் தங்களையும் கேட்க வேண்டும் என்றனர். அதுவே அவர்களின் தத்துவம்.

அடுத்த ஆண்டே காலம் உண்மையில் குலைந்தது. 1942இல் மலாயாவைக் கைப்பற்றிய சப்பானியர் கடிகாரங்களை ஒன்றரை மணி நேரம் முன்னே தள்ளித் தோக்கியோ நேரத்துக்கு மாற்றினர். ஆண்டையும் 2602 என எழுதினர். காலத்தைக் குலைப்பதே விடுதலையாயின், அன்று நமக்கு விடுதலை வந்திருக்க வேண்டும். வந்ததோ, நம்மவர் பல்லாயிரவரை விழுங்கிய சயாம் மரண இரயில்! ஆதலின், குலைப்பது யார், யாரைக் கேட்டுக் குலைக்கிறார் என்பதே அறத்தின் வினா.

இவ்வினா என்னையும் விடவில்லை. என் கையிலும் ஒரு மணி இருக்கிறது. தலைமையாசிரியர் பொறுப்பேற்ற தொடக்கத்தில், தாமதமாக வருவோரை வாயிலருகே நிறுத்திப் பெயர் எழுதுவது என் வழக்கம். நான்காம் ஆண்டு மாணவி ஒருத்தி அடிக்கடி அவ்வரிசையில் நின்றாள். ஒழுங்கற்றவள் எனக் கடிந்தேன். அவள் மறுமொழி கூறவில்லை. பின்னர் ஓர் ஆசிரியை வழியே உண்மை அறிந்தேன். தாய் விடியுமுன் செம்பனைத் தோட்ட வேலைக்குச் சென்றுவிட, ஐந்து வயதுத் தம்பியை எழுப்பி, குளிப்பாட்டி, உணவூட்டி, பாட்டி வீட்டில் விட்டுவிட்டுத்தான் அவள் பள்ளிக்கு வந்தாள். அன்றிரவு எனக்கு உறக்கம் வரவில்லை. பெரட்டுக் களத்தில் என் தாய் நின்ற இடத்தில் அவள் நின்றாள். கிராணி நின்ற இடத்தில் நான் நின்றேன்.

மறுநாள் அவள் தாயாரை அழைத்துப் பேசினேன். தம்பியைப் பள்ளியின் பாலர் வகுப்பில் சேர்த்தோம். அதன்பின் இருவரும் கைகோத்து மணிக்கு முன்பே வந்தனர். நான் மணியை நிறுத்தவில்லை, கேட்டேன், அவ்வளவே.

மணி இல்லாமல் பள்ளி நடவாது என ஆசிரியப் பெருமக்கள் கூறலாம். உண்மையே. ஒழுங்கு வேறு, அடக்குமுறை வேறு. மணியை அடிப்பவனும் அதற்குக் கட்டுப்படுவானாயின், கேட்பவன் குரலுக்கும் அங்கே இடமிருக்குமாயின், அது ஒழுங்கு. இவ்விரண்டும் இல்லையேல், எவ்வளவு இனிய ஓசையாயினும் அது பெரட்டு மணியே. நாளைக் காலை மணிக்கயிற்றைப் பற்றும்போது இதனை எண்ணிப் பார்ப்போமாக.