போத்தல் சொல்லும் பொய்

பாஸ்கா இரவிலே ஆசீர்வதித்த தண்ணீரை எடுத்துச் செல்வதற்கு நாம் ஆலயத்துக்குக் கொண்டுவரும் போத்தல்களைக் கவனித்திருக்கிறீர்களா, வாசகரே? பெரும்பாலும் அவை வெறும் சோடாப் போத்தல்கள். சிலவற்றில் கடையிலிருந்து வந்த கடதாசிகூட உரிக்கப்படாமல் இருக்கும். இதிலே குறை காண்பதற்கு ஒன்றுமில்லை. வீட்டுக்குப் போனதும் அந்தப் போத்தல் சுரூபத்தின் அருகே இடம் பெறுகிறது. அதனோடு வாங்கிய இன்னொரு போத்தலோ குசினி மூலையில் மண்ணெண்ணெயோடு நிற்கிறது. மூன்றாவது போத்தல் தோட்டத்துக் கொட்டிலில், பக்கத்துக் காணிக்காரரிடம் கொஞ்சமாக ஊற்றி வாங்கிய களைநாசினியோடு நிற்கும். மூன்றுக்கும் ஒரே உருவம், ஒரே மூடி. நாலு வயதுப் பிள்ளைக்கு மூன்றும் ஒன்றுதான்.

பொருளை வீணாக்காமை நமது தாய்மார் நமக்குத் தந்த நல்ல பழக்கம். ஐயாயிரம் பேர் உண்டு முடித்த பின்னரும், எஞ்சிய துண்டுகள் வீணாகாதபடி அவற்றைச் சேர்க்குமாறு ஆண்டவர் சீடருக்குக் கட்டளையிட்டதைப் புனித அருளப்பர் 6-ம் அதிகாரத்தில் எழுதியிருக்கிறார். பாப்பரசர் பிரான்சிஸ் 2015-ல் வெளியிட்ட 'லவுதாத்தோ சீ' சுற்றுமடலிலும், ஒரு பொருளை உடனே எறிந்துவிடாமல் மீண்டும் பாவிப்பது, நல்ல நோக்கத்தோடு செய்யப்பட்டால், அன்புச் செயலாகலாம் என்ற கருத்து உண்டு. ஆகவே, சிக்கனம் புண்ணியமா என்பது கேள்வியல்ல. என் சிக்கனத்தின் ஆபத்தை யார் சுமக்கிறார் என்பதே கேள்வி.

உபாகமம் 22-ம் அதிகாரத்தில் ஒரு சின்னச் சட்டம் உண்டு. புதுவீடு கட்டுகிறவன் தட்டையான கூரையைச் சுற்றிக் கைப்பிடிச் சுவர் எழுப்பவேண்டும். எழுப்பாமல் விட்டு எவராவது விழுந்தால் இரத்தப்பழி அந்த வீட்டின்மேல் வரும். வீட்டுக்காரனுக்குக் கூரையின் விளிம்பு தெரியும், அவன் விழமாட்டான். விழக்கூடியவன் விருந்தாளி. "கொல்ல நினைக்கவில்லையே" என்ற பதிலை அந்தச் சட்டம் ஏற்பதில்லை, முன்கூட்டியே நினைத்துப் பார்த்தாயா என்றுதான் கேட்கிறது. மண்ணெண்ணெய்ப் போத்தல் எது என்று வீட்டு அம்மாவுக்குத் தெரியும். தாகத்தோடு விளையாடிவிட்டு ஓடிவரும் பிள்ளைக்கும், கண் மங்கிய அப்புவுக்கும் தெரியாது. சோடாப் போத்தலின் உருவமே "என்னைக் குடி" என்று சொல்கிறது. பொய்ச்சாட்சி சொல்ல நாக்குத்தான் வேண்டுமென்பதில்லை.

பெயரை எழுதி ஒட்டினால் போதாதா என்பீர்கள். நாலு வயதுப் பிள்ளை வாசிக்குமா?

மண்ணெண்ணெய் குடித்த பிள்ளைக்கு வயிற்றைவிட நுரையீரலுக்கே ஆபத்து அதிகம். வாந்தி எடுப்பித்தால் அது மீண்டும் மேலேறி நுரையீரலுக்குள் இறங்கும். ஆகவே வாந்தி எடுப்பிக்காமல், போத்தலையும் கையோடு எடுத்துக்கொண்டு ஆசுப்பத்திரிக்கு ஓடவேண்டும். பரகுவாட் என்ற களைநாசினி கோலாவைப் போன்ற கருநிறமாக இருந்தபடியால், பானமென்று எண்ணி அதைக் குடித்து இறந்தவர்கள் பல நாடுகளிலும் உண்டு. பிறகுதான் அதற்கு நீலச் சாயமும் கெட்ட மணமும் சேர்த்தார்கள். நமது நாட்டில் 2008 முதல் அது படிப்படியாக நிறுத்தப்பட்டது. 2021 மார்ச் 31 தொடக்கம், விவசாய இரசாயனங்களைப் பெட் பிளாஸ்ரிக்கில் அடைப்பதையும் அரசு தடைசெய்தது. கொம்பனிகளுக்கு விலக்கப்பட்டதை நாம் கொட்டிலுக்குள் புனல் வைத்துச் செய்துகொண்டிருக்கிறோம்.

தண்ணீர்ப் போத்தலிலே மீண்டும் தண்ணீர் விட்டால் புற்றுநோய் வருமாம் என்று ஒரு கதை பல வருடங்களாக உலவுகிறது. அதற்குத் தகுந்த சான்று இல்லை. அடியில் முக்கோணத்துக்குள் 1 என்ற இலக்கமிட்ட பெட் போத்தலில், கலங்கலில்லாத தண்ணீரை ஆறு மணி நேரம் நல்ல வெயிலில் வைத்துக் கிருமி நீக்கும் முறையை சுவிற்சர்லாந்து ஆய்வாளர்கள் பரப்பினார்கள். ஏழை நாடுகளில் அதனால் பயன் பெற்றவர்கள் பலர். பயப்படவேண்டியது அழுக்குக்கு. ஒடுங்கிய கழுத்துக்குள் கை போகாது. பிள்ளை வாய் வைத்துக் குடித்த போத்தலில் கிருமி பெருகும். கொதிக்கும் தேநீரை அதில் ஊற்றித் தோட்டத்துக்கு அனுப்புவதும் வேண்டாம். சூடு 60 பாகைக்கு மேலே போனால் பிளாஸ்ரிக்கிலுள்ள அந்திமனி என்ற உலோகம் கூடுதலாகக் கசியும். 2024-ல் அமெரிக்க ஆய்வொன்று, கடையில் விற்கும் போத்தல் தண்ணீரில் லீற்றருக்குச் சராசரியாக 240,000 பிளாஸ்ரிக் துணுக்குகளை எண்ணியது. அவை உடலுக்கு என்ன செய்யும் என்பதற்கு முடிந்த பதில் இன்னும் வரவில்லை.

முன்பு கண்ணாடிச் சோடாப் போத்தலைக் கடையில் திருப்பிக் கொடுத்தால் காசு கிடைத்தது. இப்போது விற்றவர் லாபத்தோடு போய்விடுகிறார், போத்தல் நம்மிடம் இருக்கிறது. எத்தனை முறை பாவித்தாலும் அது ஒருநாள் குப்பைதான். அதை வளவுக்குள் கொளுத்தினால் புகை வேலி தாண்டி அயல்வீட்டுக்குப் போகும். இந்தச் சுமை முழுவதையும் ஏழையின் மனச்சாட்சிமேல் ஏற்றுவது நீதியல்ல என்றே எனக்குத் தோன்றுகிறது.

ஆனாலும் நம் கையிலிருப்பதை நாம் செய்யலாம். மண்ணெண்ணெய்க்கு ஒரு தகரப் பேணியை வாங்கிப் பிள்ளைக்கு எட்டாத உயரத்தில் வையுங்கள். களைநாசினியை அது வந்த போத்தலிலேயே விட்டுப் பூட்டிவையுங்கள், அயலாருக்கு ஊற்றிக் கொடுக்காதீர்கள். முடிந்ததும் மூன்று முறை அலசி, அலசிய நீரைத் தெளிகருவிக்குள்ளேயே ஊற்றிவிட்டு, போத்தலின் அடியில் ஆணியால் துளையிடுங்கள். அதன் பிறகு அதிலே எவரும் தண்ணீர் பிடிக்க முடியாது.