மங்கலில் மறையும் முகம்

"தட்டில் ஏதோ பழுது, சாமி" என்றார் என் பங்கு இளைஞர் ஒருவர். அவர் வீட்டுப் பெரிய தொலைக்காட்சியில் ஓடிக்கொண்டிருந்தது, 2002இல் வெளிவந்த '28 டேஸ் லேட்டர்' என்னும் ஆங்கிலத் திகில் படம். (சிறுவரோடு அமர்ந்து பார்க்கத் தக்கதன்று என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.)

தட்டில் பழுதில்லை. இயக்குநர் டேனி பாயிலும் ஒளிப்பதிவாளர் அந்தோனி டாட் மேண்டிலும் அதன் பெரும்பகுதியைக் கேனன் எக்ஸ்எல்1 என்னும் சிறிய டிஜிட்டல் வீடியோ கருவிகளால் எடுத்தனர். விடியற்காலையில் இலண்டன் சாலைகளில் போக்குவரத்தைச் சிறிது நேரமே நிறுத்த முடிந்தது. அதற்குள் பல கருவிகளை ஒருங்கே வைத்துப் படம்பிடிக்க இவை உதவின. வெறிச்சோடிய வெஸ்ட்மின்ஸ்டர் பாலம் அவ்வாறே நமக்குக் கிட்டிற்று. ஆனால் அக்கருவி பதிவது 576 கோடுகளே. இன்றைய 4கே திரைக்கோ 2160 வேண்டும். பதிவாகாத நுணுக்கத்தைத் திரை மீட்டுத் தராது. கூர்மையைக் கூட்டினால் ஓரங்களில் வெண்கோடு படர்கிறது. புள்ளிகளைத் துடைத்தால் முகங்கள் மெழுகாகின்றன.

இம்மங்கல் திகிலுக்குப் பொருந்துவதேன்? கலவரத்தையும் பேரிடரையும் எவரோ கைக்கருவியால் பதிந்த காட்சிகளாகச் செய்திகளில் மங்கலாகவே கண்டு பழகியிருக்கிறோம். மங்கல், 'நேரில் கண்டது' என்பதன் முத்திரையாகிவிட்டது. திகில் படம் அதைக் கடன் வாங்குகிறது. கற்பனை சாட்சியின் உடையை உடுத்தலாமா? ஏமாற்றாதவரை உடுத்தலாம் என்றே எண்ணுகிறேன். 1999இல் 'தி பிளேர் விட்ச் புராஜெக்ட்' தன் நடிகர்களைக் காணாமற்போனோர் என்று விளம்பரம் செய்தது வரம்பு மீறியதே.

என்னை உறுத்துவது வேறொன்று. கதைநாயகன் ஒரு கோவிலுக்குள் நுழைகிறான். எங்கும் பிணங்கள். வெறிநோய் தொற்றிய அருட்பணியாளர் ஒருவர் அவனை நோக்கிப் பாய்ந்து வருகிறார். கையிலிருந்த பையால் அவரை அடித்து வீழ்த்துகிறான். உடனே, செய்திருக்கக் கூடாதே என்று பதறுகிறான். அவன் பதறுகிறான், நாம் பதறுவதில்லை. இருளிலும் அசைவிலும் அம்முகம் நமக்கு நிலைத்துத் தெரிவதில்லை. நோயாளியை நோயாளியாகக் காணவொட்டாமல் மங்கல் மறைத்துவிடுகிறது. மறைந்த இடத்தை அச்சத்தால் நிரப்பிக்கொள்கிறோம், இரக்கத்தால் அன்று. செய்தியில் வரும் மங்கலான கூட்டத்தையும் இவ்வாறுதான் பார்க்கிறோமோ? படத்தின் தொடக்கத்திலேயே, ஆய்வுக்கூடத்தில் கட்டிவைக்கப்பட்ட சிம்பன்ஸி ஒன்று வன்முறைக் காட்சிகள் ஓடும் திரைகளின் முன் கிடக்கிறதே!

உயிர் தப்பியோர் மலைப்புற வீடொன்றில் மீட்புக்குக் காத்திருக்கும் இறுதிக் காட்சி 35 மி.மீ. படச்சுருளில் எடுக்கப்பட்டது. புல்லின் பசுமையும் பிழைத்தோர் முகங்களும் துலக்கமாகத் தெரிந்தன.

"இப்போது சரியாகிவிட்டது, சாமி" என்றார் இளைஞர்.