வீட்டுக் கடனும் வட்டிக் கணக்கும்

புது வீட்டில் மௌலிது ஓதி நெய்ச்சோறு பரிமாறுகிறோம். அவ்வீட்டின் பத்திரமோ வங்கியின் பெட்டகத்தில் அடமானமாகக் கிடக்கிறது! தவணை கட்டினால் தீர்ந்துவிடும் என்கிறோம். மொத்தம் எவ்வளவு கட்டுகிறோம் என்று எப்போதாவது கூட்டிப் பார்த்தோமா?

கடன் 20 இலட்சம் ரூபாய், ஆண்டுக்கு நூற்றுக்கு 9 வட்டி, 20 ஆண்டுத் தவணை என்று வைத்துக்கொள்வோம். மாதத் தவணை ஏறத்தாழ 18,000. முதல் மாதத்தில் 15,000 வட்டிக்கே போய்விடும். அசலில் கழிவது சுமார் 3,000தான். பத்தாண்டுகளில் 21½ இலட்சத்துக்கு மேல் கட்டியிருப்போம். வாங்கியதைவிட அதிகம்! அப்போதும் அசலில் 14 இலட்சத்துக்கு மேல் நிற்கும். கடைசித் தவணை கட்டும்போது மொத்தம் 43 இலட்சத்தைத் தாண்டியிருக்கும். இரட்டித்துப் பெருகும் வட்டியை உண்ணாதீர்கள் என்று திருமறை (3:130) விலக்கியதை இந்தக் கணக்கோடு வைத்து ஓதிப் பார்ப்போம்.

"வாங்குவதுதானே ஹராம், கொடுப்பது நிர்ப்பந்தம்" என்று சிலர் சமாதானம் கூறுவர். வட்டி உண்பவரோடு கொடுப்பவரையும், எழுதுபவரையும், சாட்சிகளையும் சேர்த்தே நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் சபித்தார்கள் என்று ஸஹீஹ் முஸ்லிமில் வருகிறது. ஒதுங்கக் கூரையற்றவர் தம் நிர்ப்பந்தத்தை ஆலிம்களிடம் சொல்லிக் கேட்கட்டும். மாடிக்கு மேல் மாடி எழுப்புவது நிர்ப்பந்தமா?

கடன்பட்டவரை மட்டும் கண்டித்துவிட்டு நாம் தப்பிவிடவும் முடியாது. கஷ்டப்படும் கடனாளிக்கு வசதி வரும்வரை அவகாசம் கொடுக்கும்படி அல்லாஹ் (2:280) கட்டளையிடுகிறான். வங்கியோ தவணை தவறினால் அபராதம் போடுகிறது. மஹல்லாவில் வசதி படைத்த பத்துப் பேர் கூடினால் ஆண்டுக்கு ஒரு குடும்பத்துக்காவது கர்ளன் ஹஸனா, வட்டியில்லாத அழகிய கடன், கொடுக்க இயலாதா? அடுத்த ஜமாஅத் கூட்டத்தில் இதைக் கேட்போம்.