மலையேறிய கப்பலும் வினைத்தூய்மையும்

உயர்ந்த குறிக்கோள் ஒன்றை மேற்கொண்ட மனிதன் அதற்காகத் தன் உடலையும் உறக்கத்தையும் பணயம் வைக்கும்போது உலகம் அவனைப் போற்றுகிறது. அவனே அக்குறிக்கோளுக்காகப் பிறருடைய உடலையும் உறக்கத்தையும் பணயம் வைத்தால் உலகம் என்ன சொல்ல வேண்டும்? எடுத்த செயல் முடிந்துவிட்டால் புகழ்வதும், முடியாமற் போனால் பழிப்பதும் உலக வழக்கம். அவ்வழக்கம் அறத்தோடு பொருந்துமா என்பது கற்றோர் ஆராய வேண்டிய வினா.

இதனை ஆராயப் பேரரசர்களின் போர்க்கள வரலாற்றைப் புரட்ட வேண்டியதில்லை. ஜெர்மானியத் திரைப்பட இயக்குநர் வெர்னர் ஹெர்சோக்கின் கலைவாழ்வே போதிய சான்றுகளைத் தருகிறது. எவருடைய ஏவலுக்கும் உட்படாமல், தம் படங்களுள் பெரும்பாலானவற்றைத் தாமே எழுதி, தாமே இயக்கி, தம் நிறுவனத்தின் வாயிலாக உருவாக்கி வந்த கலைஞர் அவர். மனவுறுதிக்கு அவரை எடுத்துக்காட்டாகக் கூறுவோர் பலர். அந்த உறுதிக்கு விலை கொடுத்தவர் யாவர் என்று கேட்போர் சிலரே.

இளமையும் உறுதியும்

ஹெர்சோக் 1942ஆம் ஆண்டு செப்டம்பர்த் திங்கள் 5ஆம் நாள் மூனிக் நகரில் பிறந்தார். உலகப் போரின் குண்டுவீச்சுக்கு அஞ்சிய அன்னை, கைக்குழந்தையான அவரை எடுத்துக்கொண்டு பவேரிய மலைப்பகுதியில் உள்ள சாக்ராங் என்னும் சிற்றூருக்குச் சென்றார். வறுமையும் பனியும் சூழ்ந்த அவ்வூரில் அவர் வளர்ந்தார். திரைப்படம் என்ற ஒன்று உண்டு என்பதையே தம் பதினோராம் வயதில்தான் அறிந்ததாக அவர் கூறியுள்ளார். பதினேழு வயதுவரை தொலைபேசியில் பேசியதும் இல்லையாம்.

படம் எடுக்க வேண்டும் என்னும் வேட்கை பிறந்தபோது கையில் பொருள் இல்லை. பள்ளி மாணவராக இருந்தபோதே, இரவு நேரங்களில் எஃகு ஆலையில் இரும்பை ஒட்டும் பற்றவைப்புத் தொழில் செய்து பணம் சேர்த்தார். 1962இல் முதற் குறும்படத்தை எடுத்தார். 1963இல் தம் பெயரிலேயே படநிறுவனம் ஒன்றைத் தொடங்கினார். முதல் முழுநீளப் படமான ‘வாழ்வின் அடையாளங்கள்’ 1968இல் பெர்லின் விழாவில் வெள்ளிக் கரடி விருது பெற்றது.

இவ்வளவும் போற்றத் தக்கவையே. ஆயினும் இதே இளமைக் காலத்தில் நிகழ்ந்த செயல் ஒன்றையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். மூனிக்கில் இருந்த திரைப்படப் பயிற்சி நிலையத்திலிருந்து ஒரு படப்பிடிப்புக் கருவியை அவர் எடுத்துச் சென்றுவிட்டார். அது களவன்று, தேவை என்பது அவர் கூறும் காரணம். திருக்குறளில் வினைத்தூய்மை என்னும் அதிகாரத்தைப் பாடம் சொல்லும் ஆசிரியர், இக்காரணத்தைக் கேட்டதும் சற்றுத் தயங்கவே செய்வார். தாய் பசித்திருக்கும் துயரைக் கண்ட மகனுக்குக்கூடப் பழிச்செயல் புரிய வள்ளுவர் இடந்தரவில்லை. கலைப்பசிக்கு எங்ஙனம் இடந்தருவார்?

தன்னையே ஈடு வைத்த பயணம்

ஒரு கருவியோடு இப்பேச்சு முடிந்துவிடுமானால் இவ்வாராய்ச்சிக்கு வேலையில்லை. அவருடைய வாழ்வில் உறுதி எவ்வளவு தூயதாகவும் விளங்க முடியும் என்பதற்கும் சான்று உண்டு. லோட்டே ஐஸ்னர் என்னும் மூதாட்டி, திரைப்படக் கலையின் வரலாற்றை எழுதிய பேரறிஞர். யூதராகப் பிறந்த அவர், 1933இல் ஜெர்மனியை விட்டு நீங்கிப் பாரிஸ் நகரில் வாழ்ந்து வந்தார். போருக்குப் பின் தோன்றிய ஜெர்மானிய இளங் கலைஞர்களுக்கு அவர் தந்த ஆதரவு, அறுந்துபோன மரபை மீண்டும் முடிந்து வைத்தது. 1974ஆம் ஆண்டு நவம்பர்த் திங்களில் அவர் கடும் நோயுற்றுள்ளார் என்னும் செய்தி ஹெர்சோக்குக்கு எட்டியது. தாம் கால்நடையாகச் சென்றால் அவர் உயிர் பிழைப்பார் என்று ஹெர்சோக் நம்பினார். கடுங்குளிரில், பனியிலும் மழையிலும், மூனிக்கிலிருந்து பாரிஸ் வரை ஏறத்தாழ மூன்று வாரங்கள் நடந்தார். ஐஸ்னர் பிழைத்தெழுந்து 1983 வரை வாழ்ந்தார்.

நடந்ததால் நோய் தீர்ந்தது என்று அறிவியல் ஒப்பாது. ஆனால், அந்த நடையில் புண்பட்ட கால்கள் அவருடையவை. அப்பயணம் தோற்றிருந்தாலும் துன்புற்றிருப்பவர் அவர் ஒருவரே. ஆகவே, அச்செயலைப் பேதைமை என்று கூறுவோர் கூறலாம். தீமை என்று கூற எவருக்கும் நா எழாது.

மலையேறிய கப்பல்

இனி, உலகமே வியந்த செயலுக்கு வருவோம். பெரு நாட்டில் ரப்பர் வணிகம் செழித்த காலத்தில் ஃபிட்ஸ்கரால்டு என்னும் வணிகர் ஒருவர் வாழ்ந்தார். அவர் ஒரு படகைப் பகுதி பகுதியாகக் கழற்றி, ஓர் ஆற்றிலிருந்து மற்றோர் ஆற்றுக்கு நிலவழியே கொண்டு சென்றார் என்பது வரலாறு. அதனைத் தழுவி ஹெர்சோக் எழுதிய கதைதான் ‘ஃபிட்ஸ்கரால்டோ’. காட்டின் நடுவே இசைநாடக அரங்கு அமைக்கக் கனவு காணும் ஒருவன், அதற்கான செல்வத்தைத் தேடி ஒரு கப்பலை மலைமேல் இழுத்துச் செல்வதே அதன் கரு.

வரலாற்று வணிகர் படகைக் கழற்றினார். ஹெர்சோக்கோ கழற்ற ஒப்பவில்லை. பொம்மைக் கப்பலைக் கொண்டு படம் எடுக்கலாம் என்று கூறியவர்களுக்கும் செவி சாய்க்கவில்லை. காண்போர் தம் கண்களை மீண்டும் நம்ப வேண்டும் என்பது அவர் கருத்து. எனவே, 300 டன்னுக்கு மேற்பட்ட எடையுள்ள உண்மையான கப்பலையே மலைமேல் ஏற்றத் துணிந்தார்.

அதற்கு நேர்ந்த இடர்கள் பல. முதலில் தேர்ந்த இடத்தில் வாழ்ந்த அகுவருணா மக்கள் படப்பிடிப்பை எதிர்த்தனர். 1979 டிசம்பரில் படக்குழுவின் குடியிருப்பு தீக்கிரையாயிற்று. இடத்தை மாற்றி 1981இல் பணி தொடங்கியபின், தலைமை நடிகர் ஜேசன் ரோபார்ட்ஸ் நோயுற்று நாடு திரும்பினார். அதுவரை எடுத்த படச்சுருள் பயனற்றுப் போயிற்று. கிளாஸ் கின்ஸ்கி என்னும் நடிகரைக் கொண்டு மீண்டும் முதலிலிருந்து தொடங்கினர். சிறு விமானங்கள் விழுந்து நொறுங்கின. அவற்றில் வந்தோர் படுகாயமுற்றனர். காட்டில் அம்பெய்து தாக்கப்பட்டோரும் உண்டு. கப்பலை இழுக்கும் பொறியை வகுத்த பொறியாளர், மலையின் சாய்வைக் குறைக்காவிடில் வடம் அறுந்து உயிர்கள் போகக்கூடும் என்று எச்சரித்தார். இயக்குநர் இணங்கவில்லை. பொறியாளர் விலகிச் சென்றார். பணி தொடர்ந்தது. நூற்றுக்கணக்கான பழங்குடி மக்கள் உழைத்தனர். மண்வாரிப் பொறியும் துணை நின்றது. இறுதியில் கப்பல் மலையேறியது.

1982ஆம் ஆண்டு கான் விழாவில் சிறந்த இயக்குநருக்கான விருது ஹெர்சோக்குக்குக் கிடைத்தது. அதே ஆண்டில், அந்தப் படப்பிடிப்பின் துன்பங்களை அமெரிக்கரான லெஸ் பிளாங்க் ‘கனவுகளின் சுமை’ என்னும் ஆவணப்படமாக வெளியிட்டார். கனவு ஒருவருடையது, சுமை பலருடையது. அத்தலைப்பே ஒரு நீதிநூலுக்குப் பொருந்தும்.

இரு பக்க வழக்கு

ஹெர்சோக்கின் பக்கம் நின்று வாதிடுவோர் மூன்று காரணங்கள் காட்டுவர். உழைத்த மக்கள் கட்டாயத்தால் வரவில்லை. அக்காட்டில் வழங்கிய கூலியினும் மிகுதியான கூலி பெற்று விரும்பியே வந்தனர் என்பது முதலாவது. இயக்குநரும் அவர்களோடு சேற்றிலும் மழையிலும் நின்று இடரைப் பகிர்ந்துகொண்டார் என்பது இரண்டாவது. மச்சிகெங்கா மக்கள் தம் நிலத்துக்குச் சட்ட உரிமை பெற அவர் துணை புரிந்தார் என்பது மூன்றாவது. இவை பொய்யான காரணங்கள் அல்ல. அவரைக் கொடியவர் என்று ஒரே சொல்லில் ஒதுக்கிவிடுவது நேர்மையாகாது.

எனினும், அவற்றை நிறுத்துப் பார்த்தல் வேண்டும். வறியவன் கூலிக்கு இசைந்தான் என்பது மெய்யே. ஆனால், பொறியாளர் கூறிய எச்சரிக்கையின் முழுப் பொருளையும் அறிந்த பின்னரா இசைந்தான்? அறியாமல் தந்த இசைவு அரை இசைவே. அடுத்து, இடரைச் சமமாகப் பகிர்ந்ததாகவே கொள்வோம். இடர் சமமாயினும் விருப்பம் சமமன்று. இயக்குநர் தம் கனவுக்காக வடத்தின் அருகே நின்றார். தொழிலாளி பிறர் கனவுக்காக நின்றான். நிலவுரிமைக்குத் துணை புரிந்தது நற்செயல். ஆயினும், ஒரு நற்செயல் மற்றொரு செயலின் கணக்கைத் தீர்க்கும் நாணயம் ஆகாது.

இவை எல்லாவற்றினும் வலியதாகச் சிலர் கருதும் வாதம் ஒன்று உண்டு. கப்பல் மலையேறியபோது வடம் அறுந்து எவரும் மாளவில்லையே, பின் ஏன் பழிக்க வேண்டும் என்பது அது. இதற்கு விடை ஹெர்சோக்கின் மற்றொரு படத்திலேயே இருக்கிறது. 1976இல் குவாடலூப் தீவின் சுஃப்ரியேர் எரிமலை வெடிக்கும் என்று அஞ்சி, 70,000க்கு மேற்பட்ட மக்களை அப்பகுதியிலிருந்து வெளியேற்றினர். ஹெர்சோக்கோ இரண்டு ஒளிப்பதிவாளர்களோடு அம்மலைக்கே சென்று படம் எடுத்தார். எரிமலை பெருவெடிப்பு நிகழ்த்தாமல் அடங்கிவிட்டது. மூவரும் உயிரோடு திரும்பினர், படமும் வெளிவந்தது.

அம்மலை வெடித்திருந்தால்? அதே பயணம், அதே நோக்கம், அதே துணிவு. ஆனால், இரண்டு துணைவர்களின் சாவுக்குக் காரணமானவர் என்று உலகம் அவரைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றியிருக்கும். அங்ஙனமாயின், வெடிக்காத எரிமலையும் அறுந்துபோகாத வடமும் அச்செயலைத் தூயதாக்கிவிடவில்லை. அதன் மாசை மறைத்தன, அவ்வளவே. நற்பேறு வேறு, நல்லறம் வேறு. வென்றவனை அறவோன் என்று மதிப்பது, பந்தயத்தில் வென்றவனை உழைப்பாளி என்று மதிப்பதை ஒக்கும்.

‘ஃபிட்ஸ்கரால்டோ’ படத்தின் கதையே இவ்வுண்மையைத் தன்னுள் கொண்டிருக்கிறது. கதைத்தலைவனின் கப்பலை மலைமேல் இழுத்த மக்கள், அது மறுகரையை அடைந்ததும் இரவில் கயிற்றை அறுத்து ஆற்றின் போக்கில் விட்டுவிடுகின்றனர். ஆற்றின் சீற்றத்தைத் தணிக்க அக்கப்பலைப் படைக்க வேண்டும் என்பது அவர்களின் நம்பிக்கை. அவர்கள் இழுத்தது அவனுடைய கனவுக்காக அன்று. தங்களுக்கென ஒரு நோக்கம் வைத்திருந்தனர். அதனைக் கேட்டறிய வேண்டும் என்று அவனுக்குத் தோன்றவே இல்லை. கலைஞரின் கை எழுதிய இந்நீதியைக் கலைஞரின் செயல் மறந்துவிட்டது போலும்.

கேட்டும் காட்டாத ஒலி

ஆயினும், மனிதர் ஓரிடத்தில் நின்றுவிடுவதில்லை. 2005இல் வெளிவந்த ‘கிரிஸ்லி மனிதன்’ என்னும் ஆவணப்படம் இதற்குச் சான்று. அலாஸ்காவில் கரடிகளிடையே பல கோடைக்காலங்களைக் கழித்த திமத்தி டிரெட்வெல் என்பவரும் அவருடைய தோழியும் 2003 அக்டோபரில் கரடியால் கொல்லப்பட்டனர். அவ்வேளையில் அவர்களது படக்கருவி ஒலியை மட்டும் பதிவு செய்திருந்தது. அவ்வொலியைப் படத்தில் சேர்த்திருந்தால், அதனைக் கேட்கவே பெருங்கூட்டம் திரண்டிருக்கும்.

ஹெர்சோக் அதனைக் காதில் கருவி பொருத்தித் தாம் மட்டும் கேட்டார். பாதியிலேயே நிறுத்தச் சொன்னார். அந்நாடாவை வைத்திருந்த, டிரெட்வெல்லின் நெடுநாளைய தோழியிடம், அதனை ஒருபோதும் கேட்க வேண்டா என்று அறிவுரை கூறினார். படத்தில் காண்போருக்கு அவ்வொலியின் ஒரு துளியும் கேட்பதில்லை. அவருடைய முதுகும், எதிரே அமர்ந்திருக்கும் அப்பெண்மணியின் முகமுமே தெரிகின்றன.

கப்பலைக் கழற்றவும் ஒப்பாதவர், கண்கள் நம்ப வேண்டும் என்பதற்காக மலையையே எதிர்த்தவர், இங்கே உண்மையை மூடி வைத்தார். பிறருடைய மரண ஓலம் தம் கலைக்கு உரிய பொருளன்று என்று அறிந்ததே அதற்குக் காரணம். அதனால் படம் குறைந்துவிடவில்லை; அக்காட்சியே படத்தின் உச்சமாயிற்று. எல்லை வகுத்துக்கொண்டால் கலை மெலிந்துவிடும் என்போர்க்கு இதனினும் சிறந்த மறுமொழி இல்லை.

ஆசிரியர் கைவடம்

திரைப்படக் கலைஞர்க்கு மட்டும் உரிய நீதியன்று இது. பிறரைக் கொண்டு செயல் முடிக்கும் எவர்க்கும் இது பொருந்தும். ஆசிரியர்க்கு மிகவும் பொருந்தும். பள்ளிக்கு வெற்றிக் கேடயம் வேண்டும் என்று ஆசிரியர் ஒருவர் கனவு காண்கிறார். அக்கனவின் வடத்தைப் பிடித்து இழுப்போர் பன்னிரண்டு வயதுச் சிறுவர்கள். தொண்டை கட்டும்வரை பேசிப் பழகும் மாணவனும், உறக்கம் இழந்து தேர்வுக்குப் படிக்கும் மாணவியும் மறுத்துப் பேச அறியாதவர்கள். ஆசிரியரின் சொல்லுக்கு அவர்கள் தரும் இசைவு, கூலிக்கு வறியவன் தந்த இசைவினும் எளிதாகக் கிடைத்துவிடுகிறது. கேடயம் கிடைத்ததும் கைதட்டல் எழும். அவர்களுக்கென இருந்த நோக்கத்தை எவரேனும் கேட்டதுண்டா என்னும் வினா அந்த ஒலியில் அமிழ்ந்துவிடும்.

பெருங்கனவு வேண்டா என்பது இதன் கருத்தன்று. கனவு காணாத ஆசிரியரிடம் மாணவர் கற்பதற்கு ஒன்றுமில்லை. தன் கால் புண்பட நடப்பதற்கு எல்லை வேண்டா. பிறர் கையில் வடத்தைக் கொடுக்கும் முன் எல்லை வேண்டும். இடரை முழுமையாகச் சொல்லுதல், மறுப்பதற்கு உண்மையான வாய்ப்பு அளித்தல், எச்சரிக்கும் குரலை விலக்காது கேட்டல் ஆகிய மூன்றும் அவ்வெல்லையின் மூன்று கற்கள்.

பரிமேலழகர் கொண்ட வைப்பு முறையில் திருக்குறளின் 66ஆம் அதிகாரம் வினைத்தூய்மை; 67ஆம் அதிகாரம் வினைத்திட்பம். செய்யும் செயல் தூயதா என்று முதலில் கேட்டு, அதன்பின் உறுதியைப் பேசுகிறது அவ்வரிசை. மாணவர்க்கு வினைத்திட்பத்தைக் கற்பிக்கும் நாளில், அதற்கு முந்திய ஏட்டையும் ஒருமுறை புரட்டிக் காட்டுதல் ஆசிரியர் கடமை.