நிழலுக்கு எய்திய புகழ்

புகழை விரும்பாத மக்கள் இலர். ஈகை முதலிய நற்செயல்களான் வரும் புகழ் செய்தாருடைய உயிர்க்கு ஊதியமாய் நிற்கும், என்னை? அச்செயல் அவருடையதே ஆகலின். ஆயின், ஒருவருடைய நிழலுருவுக்கு எய்தும் புகழ் அவருயிரைச் சென்று சேருமோ என்பது ஆராயற்பாலது.

அமெரிக்க நாட்டு லாஸ் ஏஞ்சல்ஸ் நகரில் 1926-ஆம் ஆண்டு நார்மா ஜீன் என்னும் பெண்மகவு பிறந்தது. தாய் மனநோயுற்று மருத்துவமனை புகவே, அக்குழவி பிறர் இல்லங்களிலும், 1935-ல் அநாதை விடுதியிலும் புகுந்து வளர்வதாயிற்று. 1946-ல் படக்கம்பெனியிற் சேர்ந்தபோது அவர்க்கு மர்லின் மன்றோ என்னும் புதுப்பெயர் வாய்த்தது. 1956-ல் அதனையே சட்டப்படி தம் பெயராக்கிக் கொண்டார். வேடத்திற்கு இட்ட பெயர் மெய்ப்பெயராயிற்று.

1954-ல் கொரியாவின் குளிரில் அவர் நின்று பாடியபோது படைவீரர் பல்லாயிரவர் ஆரவாரித்தனர். அவர்கள் போற்றியது திரையிற் கண்ட மர்லினையே. தாயன்பின்றி வளர்ந்த நார்மா ஜீனை அன்று. புகழின் உச்சியில் நின்ற அவரே, 1955-ல் நியூயார்க் சென்று, நடிப்புப் பயிலும் மாணாக்கராய் அமர்ந்தார். பெற்ற புகழ் உள்ளத்தை நிறைத்ததாயின் இம்முயற்சி எற்றுக்கு? 1962 ஆகஸ்டு 5-ஆம் நாள், 36-ஆம் அகவையில், தம் படுக்கையறையில் உயிர்நீங்கிக் கிடந்தார். அளவிறந்த உறக்க மருந்தே அதற்கு ஏது எனச் சோதனையிற் கண்டனர். அவ்வுயிர் வேண்டியது அன்பு. உலகம் அளித்தது ஆரவாரம்.

படிகம் தன்னையடுத்த செம்மலரின் நிறத்தைத் தன்னிறம்போற் காட்டும். மலரை அகற்றின் அச்செம்மை நில்லாது. உயிரும் சார்ந்ததன் வண்ணமாம் இயல்பிற்று. சார்ந்த வேடத்தின் ஒளியையே தன்னொளியெனக் கொண்ட உயிர், அது மங்குங்கால் தன்னிடத்து யாதும் இன்மை கண்டு கலங்கும்.

இது நடிப்பார்க்கே உரிய கேடென்று இகழ்வார் சிலர். அது பொருந்தாது. நிழலைப் போற்றி உயிரை மறந்த காண்பார்க்கும் இதிற் பங்குண்டு. அன்றியும், கற்றார், செல்வர், அடியார் என்னும் பெயர்களும் நம்மிற் பலர்க்கு வேடமாய் முடிதல் உண்டன்றோ?

ஆகலின் இத்தகையாரை இகழாது இரங்குதல் வேண்டும். பிறர் தம்மைப் புகழுங்கால், அப்புகழ் தம் வேடத்தோடு நிற்பதோ, தம்முயிரைச் சேர்வதோ எனத் தனித்திருந்து வினவிக்கொள்ளுதல் அறிவுடையார் கடனாகும்.