யார் கண்ணால் பார்க்கிறாய்?



போன மாதம் ஒரு இராத்திரி, ஒன்பதாம் வகுப்பு படிக்கிற என் மகள் சாப்பாட்டுத் தட்டைத் தள்ளி வைத்தாள். "ஏம்மா, உடம்பு சரியில்லையா?" என்றேன். "குண்டாயிருக்கேன்ப்பா, வேண்டாம்" என்றாள். அவள் கையிலிருந்த செல்போனில் ஒல்லியான ஒரு பெண்பிள்ளை ஆடிக்கொண்டிருந்தாள். எனக்கோ கோபம். ஆனால் அன்று ஜெபத்தில் முழங்கால்படியிட்டபோது, எப்போதோ வாசித்திருந்த பிஜித் தீவின் காரியம் ஞாபகத்துக்கு வந்தது.

பசிபிக் சமுத்திரத்திலுள்ள அந்த நாட்டின் பூர்வகுடி ஜனங்களில் மெதடிஸ்ட் சபையாரே அதிகம். நன்றாய்ச் சாப்பிட்டு, திடகாத்திரமாய் இருப்பதே அழகு என்று தலைமுறை தலைமுறையாய் எண்ணினவர்கள். ஒரு பிள்ளை மெலிந்தால், கவனிக்க ஆளில்லையோ என்று கவலைப்படுவார்கள்.

1995-ல் அங்கே நந்த்ரோங்கா பகுதிக்கு டெலிவிஷன் வந்தது. அமெரிக்கா, பிரிட்டன், நியூசிலாந்து நிகழ்ச்சிகள் வீட்டுக்குள் வந்தன. ஆனி பெக்கர் என்ற அமெரிக்க மருத்துவர், அந்த வருஷமும் மறுபடி 1998-லும் பள்ளி மாணவிகளிடம் விசாரித்தார். ஒவ்வொரு முறையும் அறுபதுக்குச் சற்று அதிகமான பேர், சிறு கூட்டம்தான். ஆனால் கேளுங்கள்! சாப்பாட்டு விஷயத்தில் மனம் கோளாறாகிறதற்கான அடையாளம் 1995-ல் 12.7 சதவீதம் பேரிடம் இருந்தது, 1998-ல் 29.2 சதவீதம். இளைப்பதற்காக வேண்டுமென்றே வாந்தியெடுத்தவர்கள் முதலில் ஒருவரும் இல்லை, பிறகு 11.3 சதவீதம். நாடகப் பெண்களைப் போல மெலிந்தால் நல்ல வேலையும் முன்னேற்றமும் கிடைக்கும் என்று சில பிள்ளைகள் நம்பினார்கள்.

சகோதரனே, சகோதரியே, யாரும் அங்கே போய்ப் பிரசங்கம் பண்ணவில்லை. "சாப்பிடாதே" என்று கட்டளையிடவுமில்லை. ஒரு அளவுகோலை மாத்திரம் தினமும் கண்முன் காட்டினார்கள். முன்னோர் காலத்து எண்ணம் மூன்றே வருஷத்தில் ஆட்டங்கண்டது!

ஈசாயின் வீட்டில் சாமுவேலும் எலியாபின் உயரத்தைப் பார்த்து ஏமாந்தான். தீர்க்கதரிசிக்கே கண் தப்பாய்க் கணக்குப் போட்டது. தேவனோ இருதயத்தைப் பார்க்கிறவர்.

இதைத் தியானிக்கையில் ஆவியானவர் என்னை உணர்த்தினார்: "செல்போனைக் குற்றஞ்சாட்டுகிறாயே, போன வருஷம் கல்யாண வீட்டில், எல்லார் முன்னாலும், 'இவ கொஞ்சம் உடம்பைக் குறைக்கணும்' என்று சொல்லிச் சிரித்தது யார்?" நான்தான் பிரியமானவர்களே! திரை சொன்ன பொய்க்கு இந்த ஊழியக்காரன் ஆமென் சொல்லியிருக்கிறேன்.

காலையில் மகளைக் கூப்பிட்டு, "அப்பா தப்பாப் பேசிட்டேன், மன்னிச்சிரும்மா" என்றேன். ரொம்ப நேரம் அழுதாள். பிறகு இரண்டு இட்லி சாப்பிட்டாள். எல்லாம் சரியாயிற்று என்று சாட்சி சொல்லமாட்டேன். டாக்டரிடமும் காட்டுகிறோம், ஜெபிக்கவும் செய்கிறோம்.

பெற்றோரே, பெட்டியை உடைத்துப் போடுவதினால் மாத்திரம் பிள்ளை தப்பாது. இன்றைக்கே பிள்ளையின் பக்கத்தில் உட்காருங்கள். அவள் பார்க்கிறதை நீங்களும் பாருங்கள். "உன்னை உண்டாக்கினவர் உன்னை அழகாய்த்தான் உண்டாக்கினார்" என்று வாயைத் திறந்து சொல்லுங்கள். திரை தினமும் பேசுகிறது; நாம் ஏன் மௌனமாயிருக்க வேண்டும்?

ஜெபிப்போம்: ஆண்டவரே, எங்கள் கண்களைச் சுத்திகரியும். நீர் பார்க்கிறபடி எங்கள் பிள்ளைகளைப் பார்க்க எங்களுக்குக் கிருபை தாரும். ஆமென்!

கிறிஸ்துவின் பணியில்,
உங்கள் சகோதரன்