அழுதாரா, நடித்தாரா?

தெருவில் போய்க்கொண்டிருக்கிறீர்கள். முன்பின் தெரியாத ஒரு பெண் மைக்கை நீட்டி, "நீங்க சந்தோஷமா இருக்கீங்களா?" என்று கேட்கிறார். என்ன சொல்வீர்கள்? நானாக இருந்தால், "அவசரமா போகணும்மா" என்று நழுவியிருப்பேன்.

1960 கோடையில் பாரிஸ் தெருக்களில் இப்படிக் கேட்டார்கள். கேட்கச் சொன்னவர்கள் இரண்டு பேர். ஒருவர் ழான் ரூஷ். ஆப்பிரிக்காவில் கேமராவோடு அலைந்து, சினிமாவில் என்னென்னவோ பரிசோதனை செய்து பார்த்தவர். இன்னொருவர் எட்கர் மோரன், தத்துவச் சிந்தனையாளர். இருவரும் சேர்ந்து எடுத்த அந்தப் படம் 1961-ல் வந்தது. ஆங்கிலத்தில் 'குரானிக்கிள் ஆஃப் எ சம்மர்' என்பார்கள்.

எழுதிவைத்த வசனம் கிடையாது, தொழில்முறை நடிகர்கள் கிடையாது. தொழிலாளி, மாணவர், செக்ரெட்டரி என்று நிஜ மனிதர்களைப் பேசவிட்டார்கள். சாப்பிட்டுக்கொண்டே பேசினால் மனசு திறக்கும் என்பது மோரனின் கட்சி. (நம் கல்யாணப் பந்திகளை அவர் பார்த்ததில்லை போல!)

மைக் பிடித்த பெண்களில் ஒருவர் மார்சலின். யூதர். 1944-ல், பதினாறு வயதில், அப்பாவோடு நாஜிகளின் ஆஷ்விட்ஸ் முகாமுக்குக் கொண்டுபோகப்பட்டவர். இவர் திரும்பினார், அப்பா திரும்பவில்லை. கையில் பச்சை குத்திய முகாம் எண் அப்படியே இருந்தது.

ஒரு காட்சியில் மார்சலின் தனியாக நடக்கிறார். கோட்டுக்குள் டேப் ரெக்கார்டர். இல்லாத அப்பாவோடு மெல்லிய குரலில் பேசுகிறார். ஒரு காரிலிருந்து எடுக்கும் கேமரா விலகி விலகிப் போக, அவர் சின்னப் புள்ளியாகிறார். தொண்டை அடைத்துவிடும்.

படம் முடிந்ததும், அதில் வந்தவர்களையே உட்காரவைத்துப் போட்டுக் காட்டினார்கள். 'இவ்வளவு அந்தரங்கமா? கூச்சமே இல்லையா?' என்றார்கள் சிலர். 'எல்லாம் செயற்கை' என்றார்கள் சிலர். மார்சலினோ, பேசிய நேரத்தில் உணர்ச்சியோடுதான் பேசினேன், மற்ற நேரத்தில் அதில் இல்லை என்கிற மாதிரி சொன்னார். பிறகு ரூஷும் மோரனும் மியூசியக் கூடத்தில் மேலும் கீழும் நடந்தபடி விவாதிக்கிறார்கள். அவர் நடித்ததாகச் சொல்கிறார். இல்லை, நடிக்கவில்லை, நாம்தான் பார்த்தோமே என்று பேச்சு போகிறது.

அழுதவர் சொல்வது செல்லாது, பார்த்தவர் சொல்வதே செல்லும் என்றால், இது என்ன நியாயம்? பி.காம். படித்த என் புத்திக்கு எதுவும் வரவா, செலவா என்று தெரிந்தாக வேண்டும். இது எந்தப் பக்கத்திலும் உட்கார மறுக்கிறது.

நிருபர் வேலைக்கு வந்த புதிதில் ஒரு விபத்து வீட்டுக்குப் போனேன். மகனைப் பறிகொடுத்த தாய் கதறிக்கொண்டிருந்தார். எங்கள் போட்டோகிராபருக்கு ஃபிலிம் தீர்ந்துபோய் ரோல் மாற்றினார். அந்த அம்மா அழுகையை நிறுத்தி, முந்தானையால் முகம் துடைத்து, "எடுப்பா" என்றார். மறுபடி அழுதார். 'என்னா நடிப்புடா!' என்று ஆபீஸில் வந்து சொன்னேன். சிரித்தார்கள். நானும்தான்.

அவர் தன் பிள்ளையின் படம் பேப்பரில் நன்றாக வர வேண்டும் என்று காத்திருந்திருக்கலாம். அது அன்றைக்கு எனக்குத் தோன்றவே இல்லை.

மார்சலின் பிற்பாடு தானே ஆவணப்படங்கள் எடுத்தார். 2015-ல், எண்பத்தாறு வயதில், ஒரு புத்தகம் வெளியிட்டார். முழுக்க அப்பாவை முன்னிலையில் வைத்துப் பேசும் புத்தகம். மூன்று வருடம் கழித்து இறந்துபோனார்.